கவலை தீர்ந்தது யாருக்கு?

"கவலை ஓட்டிய காலம் இருக்கிறதே, அதுவன்றோ பொற்காலம்!" என்று முழங்கினார் அந்தச் சொற்பொழிவாளர். முழங்கிய இடம், நாம் பணியாற்றும் பள்ளியின் ஆண்டு விழா மேடை. முழங்கியவர் நகரத்திலே வாழ்பவர், நன்கு கற்றவர், நாநலம் மிக்கவர். "வைகறையிலே காளையின் கழுத்துமணி கலகலவென ஒலிக்கும்! உருளையிலே வடக்கயிறு கிறீச்சிடும்! சாலிலிருந்து நீர் சலசலவெனச் சாயும்! அந்த ஒலியோடு இழைந்து உழவனின் பாட்டு எழும்! வந்தது எண்ணெய்ப் பொறி, போயிற்று பாட்டு! வந்தது புகை, போயிற்று பண்பு! வந்தது இயந்திரம், போயிற்று இன்பம்!" என்று அடுக்கினார். கேட்டவர்கள் கை தட்டினார்கள். நாமும் தட்டினோம். மறைப்பானேன்? கருத்து கசந்தாலும் தமிழ் இனித்தது.

தட்டாத கை ஒன்று இருந்தது. கடைசி வரிசையிலே, பேத்தி பரிசு வாங்குவதைப் பார்க்க வந்திருந்த முதியவர் ஒருவரின் கை அது. வயது எண்பதைத் தாண்டியிருக்கும். விழா முடிந்ததும் அவரருகே சென்று, "என்னங்க தாத்தா, பேச்சுப் பிடிக்கவில்லையா?" என்று கேட்டோம்.

அவர் சிரித்தார். "நல்லாத்தான் பேசுனாருங்க வாத்தியாரய்யா. ஆனாப் பாருங்க, பாட்டு இனிச்சது கேட்டவங்களுக்கு. பாடுன எங்களுக்குத் தொண்டை வறண்டு கெடந்துச்சுங்க. ராத்திரி மூணு மணிக்கு எந்திரிச்சு வடக்கயித்து மேல உக்காந்தவன், கண்ணசந்து கிணத்துக்குள்ள உழுந்துரப்படாதேன்னு பாடுனோமுங்க. அது பாட்டு இல்லீங்க, பயம்!"

தோழர்களே! நூறு நூல்கள் சொல்லாத உண்மையை, பள்ளிக்கூட வாசலை மாணவனாக மிதித்தறியாத அந்த முதியவர் இரண்டே வரிகளில் சொல்லிவிட்டார். பொற்காலம் என்று புகழ்கிறவன் வரப்பிலே நின்று பார்த்தவன். புழுங்கியவன் வடத்திலே அமர்ந்திருந்தவன். பார்த்தவன் எழுதினான், படித்தவன் பாராட்டினான், பட்டவன் பேசவில்லை. பேச அவனை யாரும் அழைக்கவுமில்லை.

கவலை என்றால் என்ன? இன்றைய இளைஞர் பலர் கண்டிருக்க மாட்டார்கள். கிணற்றின் விளிம்பிலே உருளை. அதன் வழியே தொங்கும் தோற்சால். சாலை இழுக்கும் வடக்கயிறு. வடத்தை இழுக்க இரண்டு காளைகள். காளைகள் இறங்கிச் செல்லச் சரிந்த பாதை ஒன்று. காளைகள் சரிவிலே இறங்கும்போது, ஓட்டுபவன் வடத்தின் மேல் ஏறி அமர்வான். தன் உடல் எடையையும் இழுப்போடு சேர்ப்பான். சால் மேலே வரும், நீர் சாயும். பிறகு காளைகளைப் பின்னோக்கி நடத்தி மேட்டுக்கு ஏற்றவேண்டும். மீண்டும் இறக்கம். மீண்டும் ஏற்றம். விடிவதற்கு முன் தொடங்கி வெயில் ஏறும்வரை. வெயில் தாழ்ந்ததும் மறுபடி, இருட்டும்வரை. ஏற்றமோ இதனினும் கொடிது. அங்கே மாட்டுக்குப் பதில் மனிதனே துலாக்கட்டையின் மீது முன்னும் பின்னும் நடப்பான். கால் தவறினால் கிணறு. அவன் பாடிய பாட்டும் பெரும்பாலும் எண்ணிக்கைப் பாட்டே. எத்தனை சால் இறைத்தோம் என்று கணக்குத் தவறாமலிருக்க எண்ணிக்கொண்டே பாடினான். கணக்கேட்டை எடுத்து வைத்துக்கொண்டு, ஆகா காவியம் என்று கண் கலங்குகிறார்கள் நம் கலைவாணர்கள்!

கணக்கு என்றதும் நமக்கும் ஒரு கணக்கு நினைவுக்கு வருகிறது. மறுநாள் வகுப்பிலே மாணவர்களோடு போட்டுப் பார்த்தோம். ஒரு சாலிலே 150 லிட்டர் நீர் என்று வைத்துக்கொள்வோம். நிமிடத்துக்கு ஒரு சால் என்று தாராளமாகவே கணக்கிடுவோம். நிமிடத்துக்கு 150 லிட்டர். இனி, ஐந்து குதிரைத் திறனுள்ள சிறிய எண்ணெய்ப் பொறி ஒன்று. குழாயிலும் பம்பிலும் பாதித் திறன் வீணாகிறது என்றே கொள்வோம். 30 அடி ஆழக் கிணற்றிலிருந்து அது நிமிடத்துக்கு ஏறத்தாழ 1,200 லிட்டர் நீரை மேலே தள்ளும். எட்டுக் கவலைகள், பதினாறு காளைகள், எட்டு மனிதர்கள் சேர்ந்து செய்யும் வேலை! அந்தப் பொறி தூங்கி விழாது. அதற்குத் தோள் வீங்காது. கணக்கைப் போட்டு முடித்ததும் ஒரு மாணவி கேட்டாள்: "அப்படியானால் அந்த எட்டுப் பேரும் என்ன ஆனார்கள்?" நல்ல கேள்வி. அதற்கு வருவோம். அதற்கு முன், இந்தப் பொறி எங்கிருந்து வந்தது என்று பார்த்துவிடுவோம்.

வானத்திலிருந்து விழுந்ததா? வரத்தால் வந்ததா? ஓலைச் சுவடியிலே ஒளிந்திருந்ததா? இல்லை, தோழர்களே. 1832ஆம் ஆண்டு செர்மானிய நாட்டுச் சிற்றூர் ஒன்றிலே பிறந்தவர் நிக்கோலஸ் ஆட்டோ. பொறியியல் பட்டம் பெற்றவரல்லர். ஊர் ஊராகச் சென்று மளிகைச் சரக்கு விற்ற வணிகப் பயணி! சர்க்கரை விற்றுத் திரிந்த அந்த இளைஞரின் காதிலே, பிரான்சிலே லெனுவார் என்பவர் 1860இல் ஆவியில்லாமல் வாயுவால் ஓடும் பொறி செய்த செய்தி விழுந்தது. "அவரால் முடியும் என்றால் நம்மால் இன்னும் நன்றாகச் செய்ய முடியாதா?" என்ற எண்ணம் எழுந்தது. செய்தார், தோற்றார், மீண்டும் செய்தார். 1864இல் லாங்கன் என்ற பொறியாளரைக் கூட்டாளியாகப் பெற்றார். 1876இல் வெற்றி பெற்றார். உறிஞ்சு, அமுக்கு, வெடி, வெளியேற்று! இந்த நான்கே அசைவுகளில் அடங்கியது உலகை மாற்றிய வித்தை. இதே நான்கசைவுக் கருத்தை 1862இலேயே பிரெஞ்சுக்காரரான போ தெ ரோஷா எழுதி வைத்திருந்தார் என்று வழக்காடி, 1886இல் ஆட்டோவின் காப்புரிமையையே நீக்கினார்கள். பாருங்கள்! அறிவுலகிலே, "இவர் சொன்னார், ஆகவே வேதம்" என்பது இல்லை. யார் முதலில் சொன்னார், எங்கே எழுதினார், சான்று என்ன என்று கேட்டுக் கேட்டு உரசிப் பார்க்கும் உரைகல் உண்டு.

ஆட்டோவின் பொறி நகரத்து வாயுக் குழாயை நம்பியிருந்தது. வாயுக்குழாய் எட்டாத வயற்காட்டுக்கு அது எப்படி வரும்? அந்த இடைவெளியை நிரப்பியது எண்ணெய். இங்கிலாந்திலே அக்ராய்டு ஸ்டூவர்ட் என்பவர் 1890ஆம் ஆண்டையொட்டி, சூடேற்றிய குமிழிலே எண்ணெயைத் தெளித்து எரியவைக்கும் பொறியைக் கண்டார். கிராந்தம் நகரத்து ஹார்ன்ஸ்பி தொழிலகம் அதைச் செய்து விற்றது. ஊது விளக்கால் குமிழைச் சில நிமிடங்கள் காயவைக்க வேண்டும்; பிறகு கனத்த சக்கரத்தைக் கையால் சுழற்றிவிட வேண்டும்; அவ்வளவுதான். மின்சாரம் வேண்டாம், வாயுக்குழாய் வேண்டாம், மலை போன்ற நீராவிக் கொதிகலன் வேண்டாம். ஒரு கொட்டகை போதும். நாட்டுப்புறத்துக்கென்றே பிறந்தது போன்ற பொறி!

ருடால்ஃப் டீசலின் வரலாறு நெஞ்சைத் தொடுவது. நீராவிப் பொறி பெரிய முதலாளிக்கே எட்டும். சிறு தொழிலாளி நசுங்குகிறான். ஆகவே சிறியவனுக்கும் எட்டும் சிக்கனமான பொறி வேண்டும் என்பது அவரது கனவுகளில் ஒன்று. 1897இல் ஆக்ஸ்பர்க் நகரத்திலே அவர் பொறி வெற்றியோடு ஓடியது. 1900ஆம் ஆண்டுப் பாரிசுக் கண்காட்சியிலே டீசல் பொறியொன்று எந்த எண்ணெயில் ஓடிற்று தெரியுமா? நம் செம்மண் காட்டிலே விளைகிறதே நிலக்கடலை, அதன் எண்ணெயில்! 1913இலே ஆங்கிலக் கால்வாயைக் கடந்த கப்பலிலிருந்து மறைந்து போனார் டீசல். அவரது கனவும் பாதியிலே மறைந்தது. சிறியவனுக்கென்று எண்ணிய பொறி பெரியவனின் கப்பலுக்கும் போர்க்கலத்துக்கும் உழைத்தது. இதை மறவாதீர்கள். பொறியைப் படைத்தவனின் எண்ணம் ஒன்றாக இருக்கலாம். அதைப் பிடித்தவனின் கை வேறொன்று செய்யும்.

இத்தனை பேர் மூளையைக் கசக்கி, முயன்று, தோற்று, மீண்டும் முயன்று உருவாக்கிய பொறிக்கு, ஆண்டுக்கொரு நாள் நாம் என்ன செய்கிறோம்? சந்தனம் தடவுகிறோம், குங்குமம் வைக்கிறோம், எலுமிச்சையை நசுக்குகிறோம்! பொட்டு வைத்த பொறியும் எண்ணெய் தீர்ந்தால் நின்றுவிடுகிறது. பொட்டு வைக்காத பொறியும் எண்ணெய் இருந்தால் ஓடுகிறது. இதைக் கண்ணால் கண்டும் கருத்திலே கொள்ளாதவர்களை என்னென்பது? போகட்டும், துடைத்துப் பளபளப்பாக்கும் அந்த ஒரு நாளைய தூய்மை நல்லதே. நாம் கேட்பதெல்லாம் ஒன்று. பொறிக்குச் சந்தனம் பூசுகிறவர்களே, அதைத் துடைத்த கைக்கு என்ன தந்தீர்கள்?

இனி, பொறி தமிழகத்துக்கு வந்த கதை. சென்னைப் பொறியியல் கல்லூரியில் பேராசிரியராக இருந்தவர் ஆல்ஃபிரட் சாட்டர்டன். இருபதாம் நூற்றாண்டின் தொடக்க ஆண்டுகளில், எண்ணெய்ப் பொறியால் கிணற்று நீரை இறைக்க முடியும், அது உழவனுக்குக் கட்டுப்படியாகும் என்று செய்து காட்டினார். ஊர் ஊராகப் பம்புகள் அமைந்தன. 1908இல் உதகையிலே தொழில் மாநாடு கூடிற்று. தொழில் துறை ஒன்று தோன்றிற்று. எதிர்ப்பு எங்கிருந்து வந்தது? "ஐயோ, எங்கள் கவலைப் பாட்டுப் போகிறதே" என்று உழவனா எதிர்த்தான்? இல்லை! அரசாங்கம் தொழிலிலே இறங்கி வழிகாட்டுவதா என்று வெள்ளை வணிகர்கள் சீறினார்கள். சீமையிலே அமர்ந்திருந்த இந்திய மந்திரி மார்லி பிரபு, அரசு அவ்வாறு தொழில் நடத்திக் காட்டலாகாது என்று 1910இல் ஆணையிட்டார். நீர் இறைக்கும் பணி எப்படியோ பிழைத்தது. தொழில் வளர்க்கும் முயற்சியோ முடங்கியது. புதுமையைக் கண்டு மிரண்டவன் பட்டிக்காட்டான் என்று கதை கட்டுவார்கள். வரலாறு காட்டுவதென்ன? மிரண்டவன் மாளிகையிலே இருந்தான்!

அமெரிக்க நாட்டுப்புறத்தைப் பாருங்கள். 1900களின் தொடக்கத்திலே நகரத்துச் செல்வர்கள் மோட்டார் வண்டியிலே கிராமத்துக்குள் பாய்ந்தார்கள். குதிரைகள் மிரண்டன, கோழிகள் செத்தன, வழிப்போக்கர் அஞ்சினர். "பிசாசு வண்டி" என்று ஏசினான் உழவன். பாதையிலே பள்ளம் வெட்டிப் போட்டவர்களும் உண்டு. பிற்போக்கு என்பீர்களோ? பொறுங்கள். 1908இல் ஃபோர்டின் மலிவு வண்டி வந்தது. அதே உழவன் அதை வாங்கினான். வாங்கியது ஊர்சுற்றவா? அது மட்டுமன்று. பின் சக்கரத்தைத் தூக்கி நிறுத்தினான்; வாரை மாட்டினான்; மரம் அறுத்தான்; மக்காச்சோளம் உதிர்த்தான்; நீர் இறைத்தான்! வண்டி செய்தவன் நினையாத வேலையையெல்லாம் வாங்கியவன் நினைத்தான். வெறுத்தவனும் அவனே, விரும்பியவனும் அவனே. இடையிலே மாறியது என்ன? அடுத்தவன் அமர்ந்து தன்னை மிதித்தபோது அது பிசாசு. தன் கைக்கு வந்து தனக்கு உழைத்தபோது அது தோழன். இயந்திரத்தின் மீதன்று பகை; அது யார் கையிலே என்பதன் மீதே!

அந்த நாட்டிலும் ஓர் ஓரவஞ்சனை இருந்தது. களத்துக்கு வந்த பொறி, வீட்டுக்குள்ளே எளிதில் நுழையவில்லை. 1930களின் நடுவிலே கூட அமெரிக்கப் பண்ணைகளில் பத்திலே ஒன்றுக்குத்தான் மின்சாரம். களத்து மேட்டிலே ஆடவனுக்குப் பொறி உழைக்க, கொல்லைப்புறத்திலே பெண் கையால் துணி கசக்கிக்கொண்டிருந்தாள். அயோவா மாநிலத்து மேடாக் தொழிலகம், மின்சாரமில்லாத வீட்டுக்கென்று சிறு பெட்ரோல் பொறி பூட்டிய துணி வெளுக்கும் இயந்திரத்தை 1910களின் நடுவிலே விற்கத் தொடங்கியது. நிலம் உழவும் நீர் இறைக்கவும் பொறி முதலில். பெண்ணின் தோளுக்குக் கடைசியில்! நாடு எதுவானாலென்ன, வரிசை மட்டும் மாறுவதில்லை போலும்.

நம் வீட்டு வரிசை என்ன? உலக்கை! நெல்லுக் குத்தும் பெண்ணை ஓவியத்திலே தீட்டி நடுக்கூடத்திலே மாட்டுகிறோம். எண்ணெய்ப் பொறியால் ஓடும் நெல் அரைவை இயந்திரம் நாட்டுப்புறத்துக்கு வந்தபோது, "கைக்குத்தல் அரிசியே நல்லது" என்ற குரல் எழுந்தது. 1934இல் காந்தியார் தொடங்கிய கிராமக் கைத்தொழில் சங்கமும் அதை வலியுறுத்தியது. அவர் சொன்னதிலே உண்மை இல்லாமலில்லை. மிகத் தீட்டிய பச்சரிசியையே நம்பியவர்களைப் பெரிபெரி என்ற நோய் வாட்டியது. தவிட்டோடு உயிர்ச்சத்து போவதே காரணம் என்பது ஆராய்ச்சியாலே தெளிந்தது. ஆனால் தோழர்களே, அதே ஆராய்ச்சி மற்றொன்றையும் சொன்னது: நெல்லைப் புழுக்கி அரைத்தால் அந்தச் சத்து பெருமளவு அரிசிக்குள்ளேயே தங்கும்! பொறியையும் வைத்துக்கொள்ளலாம், உயிரையும் காத்துக்கொள்ளலாம். அறிவு இரண்டு வழி காட்டும்போது, பெண்ணின் முதுகொடிக்கும் வழியை மட்டும் "பண்பாடு" என்று தேர்ந்தெடுப்பானேன்? உலக்கையின் பெருமையை உலக்கை பிடிக்காதவர்களே பேசி வந்தது ஏன்?

ஆயினும், கூலிக்கு நெல்லுக் குத்திக் குழந்தைக்குக் கஞ்சி காய்ச்சிய கைம்பெண்ணொருத்தியின் உலக்கை நின்றபோது, அவள் அடுப்பும் நின்றிருக்கும். இதை மறைத்துவிட்டுப் பொறியைப் பாடினால், நாமும் அந்தச் சொற்பொழிவாளரின் தம்பிகளே ஆவோம். ஆகவே, வகுப்பிலே அந்த மாணவி கேட்ட கேள்விக்கு வருவோம். எட்டுப் பேரும் என்ன ஆனார்கள்?

அன்று மாலை அந்த முதியவரிடமே கேட்டோம். அவர் குடும்பம் தலைமுறை தலைமுறையாகத் தோல் தைத்துச் சால் செய்த குடும்பம். பண்ணைக்காரர் கிணற்றுக்குப் பொறி வந்தபோது அவருக்குப் பதினான்கு வயதாம். அவர் சொன்னார்: "இஞ்சின் வந்த அன்னிக்கு ஊரே வேடிக்கை பாத்துச்சுங்க. தண்ணி வந்து உழுந்ததப் பாத்து நானும் குதிச்சேனுங்க. அடுத்த மாசம் எங்கப்பனுக்குச் சால் தைக்கிற வேலை இல்லீங்க. எனக்கு வடத்து வேலை இல்லீங்க. சரி, பள்ளிக்கூடத்துக்காவது அனுப்பினாங்களான்னா, அதுவும் இல்லீங்க. வாத்தியாரய்யா, இஞ்சின் வந்து ஓய்வு கெடச்சது மாட்டுக்குத்தானுங்க!"

மாட்டுக்கு ஓய்வு! மனிதனுக்குத் தெரு!

இன்னொன்றும் சொன்னார்; சிரித்துக்கொண்டேதான் சொன்னார்; நமக்குத்தான் சிரிப்பு வரவில்லை. அவர் தந்தை தைத்த தோற்சால் அந்தக் கிணற்றிலே நாள்தோறும் நூறு முறை முங்கி எழும். அந்த நீரைக் குடிப்பார்கள், குளிப்பார்கள். ஆனால் சாலைத் தைத்த கை அந்தக் கிணற்றைத் தொடக்கூடாது! வாய்க்காலோரம் நின்று, யாராவது ஊற்றினால் இரு கையேந்திக் குடிக்க வேண்டும். தோல் தொட்டால் தீட்டில்லை. தோலைத் தைத்தவன் தொட்டால் தீட்டு! இதுதான், தோழர்களே, இழந்துவிட்டோமே என்று இவர்கள் ஏங்கும் அந்தப் பொற்காலம். அந்தக் காலத்தின் மணியோசையைக் கேட்டார்கள். அந்தக் காலத்தின் தாகத்தைக் கேட்டார்களா?

எனவே நாம் இரு முனையிலும் போரிட வேண்டியிருக்கிறது. "பொறியே கெடுத்தது" என்கிறவன் ஒருபுறம். "பொறி வந்தது, எல்லாம் சரியாயிற்று" என்கிறவன் மறுபுறம். முதலாமவன் பழைய நுகத்தைப் பாட்டாக்குகிறான். இரண்டாமவன் புதிய அநீதியைப் புள்ளிவிவரமாக்குகிறான். இருவருமே வடத்தில் அமர்ந்திருந்தவன் முகத்தைப் பார்ப்பதில்லை.

1830ஆம் ஆண்டு இங்கிலாந்திலே கூலி உழவர்கள் கதிரடிக்கும் இயந்திரங்களை உடைத்தார்கள். அறியாமை என்று எழுதினார்கள் அறிஞர்கள். குளிர்காலத்திலே அவர்களுக்கிருந்த ஒரே பிழைப்பு கதிரடிப்பு. இயந்திரம் அதைப் பறித்தது. பண்ணையாருக்கு ஆதாயம், கூலிக்குப் பட்டினி. உடைத்தார்கள். அரசு என்ன செய்தது? 19 பேரைத் தூக்கிலிட்டது. ஏறத்தாழ 500 பேரைக் கடல் கடத்தியது! அவர்கள் செய்ததை நாம் செய்யச் சொல்லவில்லை. இரும்பை உடைத்து வயிறு நிரம்பாது. ஆனால் அவர்கள் கேட்ட கேள்வியை எந்தத் தூக்குக்கயிறும் நெரித்துவிடவில்லை: மிச்சப்பட்ட உழைப்பின் பயன் யாருக்கு?

இங்கே அந்தப் பயன் யாருக்குப் போயிற்று? நிலம் வைத்திருந்தவனுக்குப் போயிற்று. பொறி வாங்கக் கடன் வேண்டும். நில மேம்பாட்டுக்குக் கடன் தரும் சட்டம் 1883இலேயே வந்தது. ஆனால் அந்தக் கடனுக்கு ஈடு நிலம்! நிலமுள்ளவனுக்குக் கடன், கடன் பெற்றவனுக்குப் பொறி, பொறி பெற்றவனுக்கு நீர், நீர் பெற்றவனுக்கு மேலும் நிலம்! சக்கரம் அழகாகச் சுழல்கிறது. அச்சிலே நசுங்குகிறவன் மட்டும் மாறுவதில்லை. 1930ஆம் ஆண்டையொட்டி இங்கிலாந்தின் டர்ஸ்லி நகரத்திலிருந்து லிஸ்டர் என்ற டீசல் பொறி வந்தது. நிமிடத்துக்கு 600 சுற்றுச் சுற்றி, அலட்டாமல் உழைத்தது. பின்னாளிலே ராஜ்கோட்டிலே அதைப் போலவே செய்து ஊரெங்கும் விற்றார்கள். 1932இல் பைகாரா மின்சாரம் வந்தது. கோவை வட்டாரத்திலே மோட்டார் பம்புகள் பெருகின. பம்பு செய்வதிலே நாடறிந்த நகரமாயிற்று கோவை. 1990இலே உழவருக்கெல்லாம் கட்டணமில்லா மின்சாரமும் வந்தது. ஒவ்வொன்றும் நன்மையே, மறுப்பாரில்லை. ஆனால் ஒவ்வொரு நன்மையும் கிணற்றைத் தேடிச் சென்றது. கிணறில்லாதவன் குடிசையைத் தாண்டிச் சென்றது.

நீரும் கீழே சென்றது! 30 அடியிலே இருந்த நீர், பல ஊர்களிலே நூற்றுக்கணக்கான அடிக்குக் கீழே ஓடி ஒளிந்துகொண்டது. "பார்த்தீர்களா, பொறி செய்த கேடு" என்பார் சொற்பொழிவாளர். பழைய எண்ணெய்ப் பொறியிலே 'கவர்னர்' என்றோர் உறுப்பு உண்டு. கிண்டியிலே அல்ல, பொறியிலே! அது சும்மா இருப்பதில்லை. உண்மையாகவே வேலை செய்யும். சக்கரம் அளவு மீறிச் சுழன்றால், அது எண்ணெயை நிறுத்தும். ஓரிரு வெடிப்பைத் தவறவிடும். வேகம் தணிந்ததும் மீண்டும் வழி விடும். "டுப்... டுப்..." என்று விட்டுவிட்டு ஒலித்தது அதனால்தான். இரும்புக்கு அளவு தெரிந்தது. இரும்பை வாங்கியவனின் ஆசைக்கு அப்படி ஓர் உறுப்பு இல்லையே! நிலத்துக்கு உச்சவரம்பு என்று 1961இலே சட்டம் வந்தது. 30 தர ஏக்கர் என்றது. 1970இலே 15 என்று குறைந்தது. நிலத்தின் அடியிலே கிடக்கும் நீருக்கு? 2003இலே ஒரு சட்டம் இயற்றினார்கள்; அது நடைமுறை காணாமலே 2013இலே நீக்கப்பட்டது. பக்கத்து வயற்காரனின் ஊற்றையும் சேர்த்து உறிஞ்சும் உரிமையை ஒருவனுக்குத் தந்துவிட்டு, உறிஞ்சிய பம்பைக் குற்றவாளிக் கூண்டிலே நிறுத்துகிறோம். கொலை செய்தவனை விட்டுவிட்டுக் கத்தியைத் தூக்கிலிடும் நீதி இது!

தோழர்களே! நாம் கவலைக்குத் திரும்பப் போவதில்லை. திரும்பச் சொல்கிறவர், முதலில் ஒரு வாரம் வடத்திலே அமர்ந்து பார்க்கட்டும், பிறகு பாடட்டும். நாம் கேட்பது முன்னே செல்லும் வழி. பொதுக் கிணறும் பொதுப் பம்பும் உள்ள ஊர்களிலே, அரை ஏக்கர் உள்ளவனுக்கும் முறைத் தண்ணீர் கிடைக்கவேண்டும். அடிநீரை அளந்து பங்கிடச் சட்டம் வேண்டும். வந்தால் ஏட்டிலே உறங்காத சட்டமாக வேண்டும். புதிய பொறி ஒன்று ஊருக்குள் வரும்போதெல்லாம், அது யார் கை வேலையை எடுக்கிறதோ அந்தக் கைக்கே அதன் திருகும் திறவுகோலும் முதலில் தரப்படவேண்டும். சால் தைத்தவன் மகனுக்குத் தொழிற்பயிற்சிப் பள்ளியிலே இடம். உலக்கை பிடித்தவள் மகளுக்கும் அங்கே இடம். நாற்று நடும் இயந்திரமும் அறுவடை இயந்திரமும் வயலுக்குள் ஓடும் இந்நாளிலே, இது பழங்கதையன்று. இன்று காலையின் கேள்வி. நடவுக்குப் போன பெண்கள் இன்று எங்கே போகிறார்கள் என்று உங்கள் ஊரிலே கேட்டுப் பாருங்கள்.

இளைஞர்களே, உங்களுக்கு ஒரு பணி. உங்கள் ஊரிலே வடத்தில் அமர்ந்தவர்கள், ஏற்றத்திலே நடந்தவர்கள், கூலிக்கு நெல்லுக் குத்தியவர்கள் இன்னும் ஒரு சிலர் இருக்கலாம். அவர்களிடம் செல்லுங்கள். பாட்டைக் கேளாதீர்கள், பாட்டைப் பதிவு செய்ய ஆள் உண்டு. கூலி என்ன என்று கேளுங்கள். எத்தனை மணிக்கு எழுந்தீர்கள் என்று கேளுங்கள். எந்தக் கிணற்றிலே குடித்தீர்கள் என்று கேளுங்கள். பொறி வந்த மறுமாதம் என்ன செய்தீர்கள் என்று கேளுங்கள். எழுதி வையுங்கள். அடுத்த ஆண்டு விழா மேடையிலே யாரேனும் பொற்காலம் பேசினால், அந்த ஏட்டை அவர் கையிலே கொடுங்கள்.

அந்த முதியவர் விடைபெறும்போது, பேத்தி வாங்கிய பரிசை நம்மிடம் காட்டினார். அறிவியல் கண்காட்சியிலே முதற் பரிசு. அவள் செய்து வைத்திருந்தது என்ன தெரியுமா? வெட்டுத் தோற்றமாக அட்டையிலே செய்த நான்கசைவுப் பொறி! உறிஞ்சு, அமுக்கு, வெடி, வெளியேற்று என்று அவள் பிழையில்லாமல் விளக்கியதை நாமே கேட்டோம். வடத்திலே அமர்ந்த கையின் பேத்தி, பொறியின் வயிற்றைத் திறந்து பார்த்துவிட்டாள். இனி அதை அவள் கையிலிருந்து பிடுங்காமல் பார்த்துக்கொள்வது நம் பொறுப்பு.

மாட்டின் கவலை தீர்ந்தது. மண்ணுடையவன் கவலையும் ஓரளவு தீர்ந்தது. மனிதன் கவலை தீரும்வரை நம் பணி ஓயாது!